பல்லக்கு கடந்த நேரத்துச் சாட்சி

முன்னொரு காலத்தில் வேங்கைபுரி என்ற நாட்டை வச்சிரபாகு என்று ஒரு ராஜா ஆண்டுவந்தார். நல்ல மனுஷர்தான்; புத்திதான் காற்றாடி மாதிரி. அவர் பல்லக்கு தெருவில் வந்தால் ஊரே குப்புற விழுந்து நெற்றியை மண்ணில் வைக்க வேண்டும். பல்லக்கு கடந்துபோய்ச் சங்கு ஊதுமுன் தலையைத் தூக்கினால் நூறு கசையடி! அப்படி ஒரு சட்டம்.

ஒருநாள் கடைத்தெருவில் ஒரு குதிரை வியாபாரி குத்துப்பட்டுச் செத்துக் கிடந்தான். "குத்தினவன் சுண்ணாம்புக் காளவாய்ச் சடையன். என் இரண்டு கண்ணாலும் பார்த்தேன்" என்றார் அரசவைப் பிரபு தாண்டவராயர். வேறு சாட்சி ஈ காக்கை இல்லை. ராஜாவைக் குளிர வைக்க வேண்டுமே என்று மனுஷர் கூடவே ஒரு வார்த்தை சேர்த்தார்: "மகாராஜாவின் பல்லக்கு என்னைக் கடந்துபோன அந்தப் புண்ணிய வேளையில்தான் குத்தினான்!"

ராஜாவுக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. "பெரிய மனுஷர் ஒருத்தர் சொன்னால் போதும். நாளைக்கே சடையனைக் கழுவில் ஏற்றுங்கள்!"

சடையனின் பெண்டாட்டி பேச்சாயி தலைவிரிகோலமாகச் சபைக்குள் ஓடிவந்து விழுந்தாள். "சாமி, எம் புருஷன் அன்னைக்குப் பூரா காளவாயை விட்டு நகரலை. இன்னொரு தடவை விசாரிங்க சாமி!"

மந்திரி பூவணநாதர் எழுந்தார். தாண்டவராயருக்கு அவரைக் கண்டாலே ஆகாது. "தீர்ப்புச் சொல்லியாச்சு. மந்திரிக்கு என் வார்த்தையில் சந்தேகமோ?"

"சிவ சிவா! உங்கள் ராஜபக்தியைச் சபை கேட்கட்டும் என்றுதான். பல்லக்கு வரும்போது எப்படி விழுவீர்கள்?"

தாண்டவராயருக்கு நெஞ்சு விரிந்தது. "எப்படியா? நெடுஞ்சாண்கிடையாக! மூக்கில் மண் ஏறும். சங்கு ஊதினாலும் உடனே எழமாட்டேன்!"

"அன்றைக்கும்?"

"அன்றைக்கும்தான்! ஒருநாளும் தவறியதில்லை."

"மூக்கு மண்ணில் இருந்ததென்றால், குத்தினதைப் பார்த்தது யார் பிரபுவே?"

சபை கொல்லென்று சிரித்தது. தாண்டவராயர் இழுத்தார்: "வந்து... லேசாகத் தலையைத் தூக்கி..."

"என்ன! தூக்கினீரா?" ராஜா எழுந்தேவிட்டார். "எடுத்துவா கசையை!"

"ஐயோ, தூக்கவில்லை! பார்க்கவும் இல்லை! குத்தினவன் என் மைத்துனன். அவனைக் காப்பாற்றத்தான் பொய் சொன்னேன்!"

அப்புறமென்ன, சடையனுக்கு விடுதலை, மைத்துனனுக்கு விலங்கு. பொய்ச் சாட்சிக்காரர் ஒரு வருஷம் சடையனின் காளவாயில் சுண்ணாம்புக்குச் சிப்பி சுமக்கவேண்டும் என்று தீர்ப்பு. பேச்சாயி புருஷனைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதாள், போங்கள்!

ராஜா கேட்டார், "மந்திரி, இனி ஒற்றைச் சாட்சியை நம்பவே கூடாதா?"

"நம்பலாம் அரசே. ஒற்றைக்கால் பந்தலும் நிற்கும். அதனடியில் உட்காருமுன் அந்தக் காலை ஆட்டிப் பார்க்கணும், அவ்வளவுதான்."

"பலே! என்ன பரிசு வேண்டும்?"

"ஜனங்கள் தலையைத் தூக்கட்டும் அரசே. பார்க்கிற கண் பெருகினால் சாட்சியும் பெருகும்."

அடுத்த ஊர்வலத்தில் ஊரே நிமிர்ந்து நின்றது. முதல்முதலாக ராஜாவைப் பார்த்த ஒரு மீன்காரி, "அடி ஆத்தி! நம்ம ராசாவுக்கு இம்புட்டுத் தொந்தியா!" என்று வாய்விட்டாள். பக்கத்தில் நின்றவள் சட்டென்று அவள் வாயைப் பொத்தினாள்.

பல்லக்கை நிறுத்தி ராஜா எட்டிப் பார்த்தார். "இதற்கு வேறு சாட்சி உண்டா?"

"உண்டு சாமி!" என்றது தெரு மொத்தமும். ராஜா தொந்தி குலுங்கச் சிரித்தார்.