பாவாயி வராத காரணம்

செங்கரைச் சீமையை ஆண்ட கோதண்டவர்ம மகாராஜாவுக்குச் சட்டம் என்றால் உயிர். அவருடைய நீதிப் பிரதானி சடகோபருக்கோ, சட்டத்தைத் தவிர வேறு உயிரே கிடையாது. இந்த இருவருக்கும் நடுவில் மாட்டிக்கொண்டவர் தாண்டவராயர். பேருக்கு மந்திரி. ராஜாவைச் சிரிக்கவைத்தே வழிக்குக் கொண்டுவருவதுதான் அவருக்கு வேலை.

ஒருநாள் காலை சபைக்குள் ஒரு பெண் வந்து நின்றாள். சேலையில் முழங்கால்வரை சேறு. பாதமெல்லாம் கொப்புளம். ஆற்றின் நடுத்திட்டில் காய்கறி பயிரிடும் பாவாயி அவள்.

வியாபாரி குபேரலிங்கத்திடம் அவள் ஒரு புது ஓடம் வாங்கியிருந்தாள். இறக்கிய அன்றே உள்ளே தண்ணீர். சந்தை அதிகாரியிடம் முறையிட்டாள். “ஓடம் நல்ல ஓடம். உனக்குத்தான் துடுப்புப் போடத் தெரியவில்லை” என்று அவர் தீர்ப்புச் சொல்லிவிட்டார். அதை எதிர்த்து ராஜாவிடம் மேல்முறையீடு செய்தாள். விசாரணை முந்தின நாள். சபை வாசலில் அவள் பெயரை மூன்று முறை கூவினார்கள். ஆள் இல்லை. சடகோபர் முறையீட்டைத் தள்ளுபடி செய்துவிட்டு வெற்றிலை போடப் போய்விட்டார்.

“நேற்று ஏனம்மா வரவில்லை?” என்று கேட்டார் ராஜா.

“கெளம்பி வந்தேன் சாமி. நட்டாத்துல ஓடம்...”

“நிறுத்து!” என்றார் சடகோபர். “ஓடத்து வழக்கு முடிந்துபோனது. முடிந்த வழக்கைப் பற்றி இந்தச் சபையில் யாரும் வாய் திறக்கக்கூடாது.”

“அப்போ வழக்கைத் திரும்ப எடுங்க சாமி.”

“எடுக்கலாம். நேற்று வராததற்குத் தக்க காரணம் சொல்.”

“அதைத்தான சாமி சொல்ல வந்தேன். ஓடம்...”

“மறுபடியும் ஓடமா!”

முன்வரிசையில் உட்கார்ந்திருந்த குபேரலிங்கம் மீசைக்குள் சிரித்தார். ராஜா தாடியைச் சொறிந்தார். “சட்டம் அப்படித்தான் இருக்கிறது. என்ன செய்வது?”

பாவாயி வார்த்தையை விழுங்கி விழுங்கிப் பேசினாள். “திட்டுல இருக்கிற எங்க எல்லாருக்கும் அது ஒண்ணுதான் சாமி. என் தங்கச்சி நெறமாசமா இருக்கா. நேத்து நான் ஒருத்தி, ஆறு அடிச்சுட்டுப் போக எங்கேயோ கரை ஏறி, நடந்து வந்துட்டேன். அவளை எதுல ஏத்திக் கூட்டியாருவேன்?”

தாண்டவராயர் அந்தக் கொப்புளங்களையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபத்தைக் காட்டினால் சடகோபர் அதற்கும் ஒரு விதி வைத்திருப்பார். அதனால் புன்னகையோடு எழுந்தார்.

“மகாராஜா, முடிந்த வழக்கைப் பற்றி நான் பேசவே மாட்டேன். ஆனால் ஜெயித்தவருக்கு ஒரு மரியாதை வேண்டாமா? மேளதாளத்தோடு குபேரலிங்கத்தை ஆற்றில் பவனி விடுவோம்.”

“நல்ல யோசனை!” என்றார் ராஜா. குபேரலிங்கத்துக்குத் தலைகால் புரியவில்லை. வேண்டாம் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டே கழுத்தை மாலைக்கு நீட்டினார்.

சபை மொத்தமும் படித்துறைக்குத் திரண்டது. நாதஸ்வரம் முழங்கியது. வாழைமரமும் மாவிலைத் தோரணமும் கட்டி ஓர் ஓடம் கரையோரம் ஆடிக்கொண்டிருந்தது. நட்டாற்றில் கவிழ்ந்து மிதந்ததை மீனவர்கள் காலையில்தான் கரைக்கு இழுத்து வந்திருந்தார்கள். எத்தனை தோரணம் கட்டினால் என்ன? தான் விற்ற சரக்கு குபேரலிங்கத்துக்குத் தெரியாதா? ஒரு கால் படியில், ஒரு கால் அந்தரத்தில், அப்படியே நின்றுவிட்டார்.

“ஏறுங்கள் ஐயா” என்றார் தாண்டவராயர்.

“இன்றைக்கு... நாள் சரியில்லை.”

“பஞ்சாங்கம் பார்த்தாயிற்று. அமிர்தயோகம்.”

“எனக்குக் கொஞ்சம் தலைசுற்றல்.”

“அரண்மனை வைத்தியரையும் கூடவே அனுப்புகிறோம்.”

வைத்தியர் சத்தமில்லாமல் கூட்டத்துக்குள் மறைந்தார். “ம், ஏறும்!” என்று ராஜா அதட்டினார். காவலர் இருவர் கைகொடுக்க வந்தார்கள். குபேரலிங்கம் மாலையைப் பிடித்துக்கொண்டு அலறினார்.

“மகாராஜா, வேண்டாம்! எனக்கு நீந்தத் தெரியாது!”

நாதஸ்வரம் நின்றது.

“பவனி போகத்தானே சொன்னோம்?” என்றார் தாண்டவராயர் பணிவாக. “உம்மை நீந்தச் சொன்னது யார்?”

ராஜாவுக்குப் புரிய ஒரு நொடி பிடித்தது. பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு படியிலேயே உட்கார்ந்து சிரித்தார். பாவாயி சிரிக்கவில்லை. முகத்தை மூடிக்கொண்டு அழுதாள்.

மேல்முறையீடு அங்கேயே திரும்ப ஏற்கப்பட்டது. மறுநாள் விசாரணை. புது ஓடம் தர வேண்டும், முதல் ஒரு மாதம் குபேரலிங்கமே அதில் தினமும் திட்டுக்குப் போய்வர வேண்டும் என்று தீர்ப்பாயிற்று. அந்த ஓடத்தை அவர் இழைத்த இழைப்பு இருக்கிறதே, ஊரே வேடிக்கை பார்த்தது! தாண்டவராயருக்கு ஒரு முத்துமாலை கிடைத்தது. அடுத்த வாரம் பாவாயி கொண்டுவந்து கொடுத்த பூசணிக்காய்தான் அவருக்கு அதைவிடப் பிடித்திருந்தது.

சடகோபருக்குத்தான் சங்கடம். வழக்கைத் திரும்ப எடுத்ததற்குக் காரணம் எழுத வேண்டும். அவர் போட்ட விதிப்படி அதில் ஓடம் என்ற சொல்லே வரக்கூடாது. எழுத்தாணியும் கையுமாக வெகுநேரம் உட்கார்ந்திருந்துவிட்டு, கடைசியில் தாண்டவராயரிடம் போய் நின்றார். அவர் சொல்லச் சொல்ல, ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் எழுதிக்கொண்டார்:

“முறையிட்டவள் அன்று சபைக்கு வராததற்குத் தக்க காரணம் உண்டு. எதிர்வாதிக்கு நீந்தத் தெரியாது.”