இரண்டு கிளைகளிலும் நார்

ஏரிக்கரைக் காட்டில் ஒரு வேப்பமரம் இருந்தது. அதன் பொந்தில் மின்னி என்ற அணில் குடியிருந்தாள். அவளுக்கு மூன்று பிள்ளைகள். மூன்றுக்கும் இன்னும் கண் திறக்கவில்லை.

மின்னிக்கு அதுதான் முதல் பேறு. பிள்ளைகள் பிறந்த நாளிலிருந்து எதைக் கண்டாலும் அவளுக்குப் பயம். இலை அசைந்தால் பயம். அசையாமல் இருந்தால் அதைவிடப் பயம். இரை தேடப் புறப்படுவாள். பாதி வழியில் திரும்பி ஓடி வருவாள். மூன்றும் மூச்சு விடுகின்றனவா என்று மூக்கால் தொட்டுப் பார்ப்பாள். மூன்றும் சுகமாகத் தூங்கிக்கொண்டிருக்கும். மறுபடி புறப்படுவாள். மறுபடி திரும்புவாள்.

அந்தக் காட்டில் கரிச்சான் குருவிகள்தான் காவல்காரர்கள். உருவத்தில் சிறியவைதான். ஆனால் பருந்தையும் வல்லூறையும் தலையில் கொத்தித் துரத்துகிற துணிச்சல் அவற்றுக்கு உண்டு. காவல் வேண்டும் என்கிறவர்கள் தங்கள் கூட்டிலிருந்து ஒரு நாரை உருவி, கரிச்சான் உட்காரும் கிளையில் தொங்கவிட வேண்டும். நார் தொங்கினால் காவல் உண்டு. நாரை எடுத்துவிட்டால் காவல் முடிந்தது. இது காட்டில் எல்லோருக்கும் தெரியும். வல்லூறுக்கும் தெரியும்.

மின்னியின் நார், முரசன் என்ற கரிச்சானின் கிளையில் தொங்கியது. அதற்குக் கூலியாக அவள் தினமும் காலையில் மரப்பட்டைமேல் மேலும் கீழுமாக ஓடுவாள். பட்டை இடுக்கில் ஒளிந்திருக்கும் பூச்சிகள் கிளம்பும். முரசன் பறந்து பறந்து பிடித்துத் தின்பான்.

ஒரு நாள் முரசன் எருமை முதுகில் ஏறி ஏரிப்பக்கம் போயிருந்தான். அந்த நேரம் பார்த்து ஒரு காகம் வந்து பொந்துக்குள் தலையை விட்டது. மின்னி அலறிக்கொண்டு ஓடி வந்து அதன் காலைக் கடித்தாள். காகம் பறந்துவிட்டது. பிள்ளைகளுக்கு ஒன்றும் ஆகவில்லை. 

முரசன் திரும்பி வந்ததும் கேட்டாள். "அண்ணே, காவல்னு பேரு. காகம் வந்தப்ப எங்கே போனீங்க?"

"காகம் எந்தப் பக்கமா வந்துச்சு?"

"மேற்கே இருந்து."

"அப்ப சரி. மேற்குப் பக்கம் நம்ம பேச்சிலேயே கிடையாதே! கிழக்கு, தெற்கு, வடக்கு. நார் கட்டின அன்னைக்கே சொன்னேனே."

"நீங்க சொல்லவே இல்லையே."

"நீ கேட்கவும் இல்லையே" என்றான் முரசன். இறகைக் கோதிக்கொண்டே, "இன்னொண்ணு. இனிமே காலையிலே மட்டும் பூச்சி கிளப்பினா போதாது. சாயங்காலமும் கிளப்பணும். காலம் கெட்டுக் கிடக்கு" என்றான்.

மின்னிக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. நேரே போய்த் தவிட்டுக்குருவியிடம் சொன்னாள். ஊர்க்கதை பேச அதைவிட ஆளில்லை.

"அடி அசடே, அவன்கிட்டே ஏன் மல்லுக்கு நிக்கிறே?" என்றது தவிட்டுக்குருவி. "வெட்டவெளிக்கு அந்தப் பக்கம் நாவல் மரத்திலே அஞ்சலைன்னு ஒரு கரிச்சான் இருக்கா. நாலு பக்கமும் பார்த்துக்கிறா. காலைக் கூலி மட்டும்தான். முதல்லே இவன் மூஞ்சிக்கு நேரா நாரை உருவிக்கிட்டு வா. வயிறெரியட்டும்!"

மின்னி நாவல் மரத்துக்கு ஓடினாள். அஞ்சலை அமைதியானவள். மின்னி சொன்னதை எல்லாம் கேட்டாள்.

"வா. உனக்கு இடம் இருக்கு" என்றாள்.

"வா" என்ற சொல் காதில் விழுந்ததுதான் தாமதம், மற்றதைக் கேட்க மின்னி நிற்கவில்லை. ஒரே ஓட்டமாக வேப்பமரத்துக்கு வந்தாள். முரசன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவன் கிளையிலிருந்த நாரை வெடுக்கென்று உருவினாள்.

"உங்க காவலும் வேணாம், நீங்களும் வேணாம்."

"நல்லது" என்றான் முரசன்.

பக்கத்துப் புதரிலிருந்து தவிட்டுக்குருவி கெக்கலி கொட்டிச் சிரித்தது. மின்னிக்கு மனசு குளிர்ந்துபோயிற்று. நாரைக் கவ்விக்கொண்டு மறுபடி நாவல் மரத்துக்கு ஓடினாள்.

"இந்தாங்க அக்கா, நார். இப்பவே கட்டிக்குங்க."

அஞ்சலை நாரைப் பார்த்தாள். மின்னியின் பின்னால் பார்த்தாள்.

"பிள்ளைங்க எங்கே?"

"வேப்பமரத்திலே."

"என் காவல் என் மரத்துக்குத்தானே அம்மா. அவங்க இங்கே வரணும். ஆனா பொந்து இன்னும் காலியாகலே. உள்ளே கிளிக்குஞ்சு இருக்கு. நாளைக் காலையிலே அதுங்க பறந்துடும். அதுக்கப்புறம் வான்னு சொல்ல வாயெடுத்தேன், அதுக்குள்ளே நீ ஓடிட்டே."

"அப்போ, நாளைக் காலை வரைக்கும்?"

"அதுக்கென்ன, உன் பழைய காவல்தான் இருக்கே."

மின்னி வாயில் இருந்த நாரைக் கண்ணைச் சாய்த்துப் பார்த்தாள். அஞ்சலைக்கு விஷயம் புரிந்துவிட்டது.

"ஓடு" என்றாள். "நிக்காதே, ஓடு."

மின்னி ஓடினாள். அந்த வெட்டவெளி இவ்வளவு அகலம் என்று அவளுக்கு அதுவரை தெரியாது. போய்ச் சேர்ந்தபோது வேப்பமரத்தில் பொந்துக்கு எதிர்க்கிளையில் வல்லூறு உட்கார்ந்திருந்தது. மின்னி ஒரே தாவில் பொந்து வாசலுக்குப் போய், உடம்பால் வாசலை அடைத்துக்கொண்டாள். முதுகுக்குப் பின்னால் மூன்று வெதுவெதுப்பான மூச்சுகள் பட்டன.

"சௌக்கியமா, மின்னியம்மா?" என்றது வல்லூறு. "கிளையிலே உங்க நாரைக் காணோமே?"

"மாத்திக்கிட்டு இருக்கேன்."

"அப்படியா! நல்லா மாத்துங்க, நிதானமா மாத்துங்க. மாத்தி முடிக்கிற வரைக்கும் நான் இங்கேயே இருக்கேன்."

அது ஒரு கிளை கீழே இறங்கியது.

மேலே முரசன் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தான். நாரை அவன் கிளையில் கட்ட வேண்டுமானால் மின்னி பொந்தை விட்டுப் போக வேண்டும். போன மாத்திரத்தில் வல்லூறு பொந்துக்குள் காலை விடும். மின்னிக்கு வெட்கமாக இருந்தது. ஆனால் வெட்கம் பார்க்க அது நேரமில்லை. நாரைக் காலடியில் வைத்துக்கொண்டு கூப்பிட்டாள்.

"முரசண்ணே! என் நாரை வந்து வாங்கிக்குங்க."

"காவல்காரன் வந்து வாங்குற வழக்கம் கிடையாதே. நீதான் கொண்டாந்து கட்டணும்."

"இன்னைக்கு ஒரு நாள் வழக்கத்தை மாத்திக்குங்க. நான் கோபத்திலே பேசினது தப்புதான். நாளைக் காலை நான் போற வரைக்கும் போதும்."

"சாயங்காலக் கூலி?"

"இன்னைக்குச் சாயங்காலமும் ஓடுறேன்."

முரசன் சிறகை விரித்தான்.

"கொஞ்சம் இருங்க" என்றாள் மின்னி. "மேற்குப் பக்கம்?"

முரசனுக்கே சிரிப்பு வந்துவிட்டது. "வல்லூறு வாசல்லே நிக்குது, இவ திசை பேசறா! சரி, மேற்கும் சேர்த்துத்தான்."

சொன்ன வேகத்தில் கீழே பாய்ந்து நாரைக் கவ்வினான். அலகில் நார் பறக்க, அப்படியே திரும்பி வல்லூறின் பிடரியில் இரண்டு காலாலும் உதைத்தான். வல்லூறு தடுமாறி, ஒரு இறகை உதிர்த்துவிட்டு எழுந்து பறந்தது. தொலைவில் ஒரு பனையின் உச்சியில் போய் உட்கார்ந்துகொண்டது. முரசன் நாரைத் தன் கிளையில் தொங்கவிட்டான்.

மாலையில் மின்னி ஒப்புக்கொண்டபடி பட்டைமேல் ஓடினாள். கால் வலித்தது. ஆனால் ஓடும்போது யோசனையும் ஓடியது. இந்த முறை எதையும் பாதியில் விடுவதில்லை என்று முடிவு செய்துகொண்டாள்.

மறுநாள் காலை கிளிக்குஞ்சுகள் பறந்துவிட்டன. மின்னி தன் கூட்டிலிருந்து இன்னொரு நாரை உருவி, கொண்டுபோய் அஞ்சலையின் கிளையில் தொங்கவிட்டாள். முரசன் கிளையில் இருந்த நாரைத் தொடவில்லை.

தவிட்டுக்குருவிக்குப் பொறுக்கவில்லை. "ரெண்டு மரத்திலேயும் நாரா? ரெண்டு பேருக்கும் கூலியா? உனக்கென்ன பைத்தியமா?"

"இன்னைக்கு ஒரு நாள் பைத்தியமாவே இருந்துட்டுப் போறேன் சித்தி" என்றாள் மின்னி.

பிறகு முரசனிடம் கேட்டாள். "உங்க காவல் எதுவரைக்கும் அண்ணே?"

"வெட்டவெளியிலே இருக்கிற புற்று வரைக்கும்."

அஞ்சலையிடம் போய்க் கேட்டாள். "உங்க காவல் எங்கேயிருந்து அக்கா?"

"பாறையிலே இருந்து."

புற்றும் பாறையும் ஒட்டி இருக்கவில்லை. நடுவே வெறும் தரை கிடந்தது. ஒளிந்துகொள்ள ஒரு புல்லும் இல்லை.

"புற்றுக்கும் பாறைக்கும் நடுவிலே?"

அஞ்சலை அந்த வெறும் தரையைப் பார்த்தாள். "இதுவரைக்கும் யாரும் அதைக் கேட்டதில்லை" என்றாள். "நீ கேட்டது நல்லது. நான் பாறையைத் தாண்டிப் புற்று வரைக்கும் வர்றேன்."

மின்னி மூத்ததைக் கழுத்தில் கவ்விக்கொண்டு வெட்டவெளியில் இறங்கினாள். தலைக்கு மேலே முரசன் பறந்தான். புற்றில் அஞ்சலை காத்திருந்தாள். அங்கிருந்து நாவல் மரம் வரை அவள் நிழல் மின்னியின் மேலேயே வந்தது. முதல் பிள்ளை புதுப் பொந்தில் சேர்ந்தது. இரண்டாவதும் சேர்ந்தது.

மூன்றாவது கடைக்குட்டி. அது சும்மா இருக்காது. வாயில் கவ்வியிருக்கும்போதே நெளிந்தது, உதைத்தது. புற்றைத் தாண்டியதும் வழுக்கிக் கீழே விழுந்தது. அந்த வெறும் தரையில்தான் விழுந்தது.

பனை உச்சியிலிருந்து வல்லூறு இறகை மடக்கிக்கொண்டு கல்லைப் போல இறங்கியது.

மின்னி ஓடவில்லை. கடைக்குட்டிமேல் கவிழ்ந்து படுத்து, கண்ணை மூடிக்கொண்டாள். காற்று கிழிகிற சத்தம் கேட்டது. உடனே இரண்டு கரிச்சான்களின் கூச்சல் ஒரே நேரத்தில் கேட்டது. அவள் கண்ணைத் திறந்தபோது, அஞ்சலை வல்லூறின் முகத்தில் கொத்திக்கொண்டிருந்தாள். முரசன் அதன் வாலைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தான். புற்றைத் தாண்டிவிட்டோம் என்பதையே அவன் மறந்துபோயிருந்தான். வல்லூறு வாலில் பாதியை அங்கேயே விட்டுவிட்டு ஏரிக்கு அக்கரை போய்விட்டது. அதற்குப் பிறகு அந்தப் பக்கம் அதை யாரும் பார்க்கவில்லை.

கடைக்குட்டியும் புதுப் பொந்துக்கு வந்து சேர்ந்தது. மின்னி மூன்றையும் மூக்கால் தொட்டுப் பார்த்தாள். பிறகுதான் வேப்பமரத்துக்குத் திரும்பிப் போனாள்.

"நான் போயிட்டு வர்றேன் அண்ணே. நாரை எடுத்துக்கட்டுமா?"

"எடுத்துக்கோ" என்றான் முரசன். வேறு எங்கோ பார்த்தபடி, "நேத்துச் சாயங்காலப் பூச்சி ருசியா இருந்துச்சு. இனிமே மேற்குப் பக்கமும் பார்க்கலாம்னு இருக்கேன். யாராவது கேட்டா சொல்லு" என்றான்.

"சொல்றேன் அண்ணே."

மின்னி நாரை மெதுவாக அவிழ்த்தாள். இந்த முறை உருவவில்லை. அதைக் கொண்டுபோய்ப் புதுப் பொந்தில் பிள்ளைகளுக்குக் கீழே மெத்தையாக விரித்தாள். கடைக்குட்டி அதில் புரண்டது. புரண்டபடியே ஒரு கண்ணைத் திறந்து அம்மாவைப் பார்த்தது. அன்று மின்னி இரை தேடிப் போனபோது, பாதி வழியில் ஒரே ஒரு தடவைதான் திரும்பி வந்தாள்.

புதிய காவல் தொடங்கிவிட்டதை உறுதி செய்துகொண்ட பிறகே பழைய காவலை விட வேண்டும். கோபத்தினாலோ அவசரத்தினாலோ நடுவில் ஒரு பொழுதுகூடக் காவல் இல்லாமல் இருந்துவிடக் கூடாது.