அட்டெண்டன்ஸ் எடுத்தவர்

சிவநேசனுக்கு இருப்புக் கொள்ளவில்லை. பள்ளி வராந்தாவில் குறுக்கும் நெடுக்குமாக நடந்துகொண்டிருந்தார்.

நாற்பதைத் தாண்டியவர். யாரிடமும் போய்ப் படிக்காமல் தானாகவே கணினி கற்றவர். பார்த்த வேலையை விட்டுவிட்டு, டீச்சர்கள் செல்போனில் வருகை பதிய ஒரு செயலி செய்திருந்தார். ஒரு டீச்சரும் அதைத் தொடவில்லை. இன்றும் தொடாவிட்டால் எடுத்துக்கொண்டு போய்விடுங்கள் என்று தலைமையாசிரியை சொல்லிவிட்டார்.

துணைக்கு ரெஜினா வந்திருந்தார். செயலி வடிவமைப்பில் பேர் எடுத்தவர். சிவநேசனைவிடப் பத்து வயது இளையவர். இருந்தாலும் இவருக்கு அவர்தான் குரு.

“ஆறு பட்டனை ரெண்டாக்கிட்டேன், குருவே. எழுத்தைப் பெரிசாக்கிட்டேன். இன்னும் எதைத்தான் எளிமையாக்கறது?”

“முதல்ல உக்காருங்க சார். பார்க்கிற எனக்கே தலை சுத்துது.”

அவர் உட்காரவில்லை. ரெஜினா அவரை மூன்றாம் வகுப்புக்குள் கூட்டிப்போனார்.

“பொன்னுத்தாய் டீச்சர், இன்னிக்கு அட்டெண்டன்ஸ் இவர் எடுக்கட்டுமா?”

“தாராளமா. ஒரு நாளாவது என் தொண்டைக்கு லீவு.”

சிவநேசன் செல்போனைப் பார்த்துப் பெயர்களை வாசித்தார். ‘உள்ளேன் ஐயா’ என்று குரல் வர வர, விரல் பறந்தது.

“முடிஞ்சுது குருவே. அத்தனை பேரும் வந்திருக்காங்க. எவ்வளவு சுளுவு, பார்த்தீங்களா?”

வகுப்பு கொல்லென்று சிரித்தது.

நிமிர்ந்தார். சன்னலோர பெஞ்சில் ஓர் இடம் காலி. பக்கத்திலிருந்த பையன் வாயைப் பொத்திக்கொண்டிருந்தான்.

“முனீஸுக்கும் சேர்த்து இவனே சொல்லிட்டான் சார்” என்றாள் ஒருத்தி.

சிவநேசனுக்கு முகம் சுண்டிப்போனது. “போட்டோ வச்சிடறேன். ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு போட்டோ, அதுக்கு ஒரு பட்டன்...”

ரெஜினா செல்போனை வாங்கித் தன் பைக்குள் போட்டுக்கொண்டார்.

“நீங்க எடுங்க டீச்சர்.”

பொன்னுத்தாய் வெறுங்கையோடு முன்னால் வந்து நின்றார்.

“தர்ஷினி. கண்ணு ஏன் இப்படிச் சிவந்திருக்கு? சாப்பிட்டதும் என்கிட்ட வா. ஜெர்வின். அம்மாவுக்குக் காய்ச்சல் விட்டுச்சா? முனீஸ்...”

சன்னலோர பெஞ்சிலிருந்து அந்தப் பையன் மெல்ல எழுந்தான்.

“வரலை டீச்சர்.”

தலைமையாசிரியை வாசலில் வந்து நின்றார். “என்ன சார், என்ன முடிவு பண்ணினீங்க?”

சிவநேசன் ரெஜினா பக்கம் திரும்பினார். “இதுல என் செயலிக்கு எங்கே இடம், குருவே?”

“வாசலுக்கு வெளியே நிக்கட்டும் சார். டீச்சர் பார்த்து முடிச்சதும் வந்து, யார் வரலைன்னு மட்டும் கேட்கட்டும்.”