அக்காவின் பழைய கோட்

பவளராணியிடம் தொழில் பழகியவர்கள் ஒருவரும் அவரைக் குரு என்று கூப்பிடுவதில்லை. கூப்பிட்டுப் பார்த்த ஒருவரை ஒரு கிழமை முழுக்க எல்லோருக்கும் தேத்தண்ணி போட வைத்தார். அதன்பிறகு அவர் எல்லோருக்கும் அக்காதான்.

முப்பது வருடமாக லண்டனில் டிவி நாடகம் எடுத்தவர். ஆஸ்பத்திரி நாடகம், பொலிஸ் நாடகம், பிறகு மூன்று சினிமாப் படங்கள். விருது வாங்க மேடை ஏறும்போதும் தகப்பனின் பழைய பழுப்புக் கோட்டைத்தான் போட்டிருப்பார். அது முழங்காலுக்குக் கீழே தொங்கும். புதிது வாங்கச் சொல்லிச் சொல்லி எல்லோரும் களைத்துப் போனார்கள்.

கிருபானந்தன் அவரிடம் ஒன்பது வருடம் உதவி இயக்குநராக இருந்தான். நாற்பத்தொரு வயதில்தான் ஒரு நாடகத்தைத் தானே இயக்கும் வாய்ப்பு வந்தது. அதில் ஒரு காட்சி. பதினொரு வருடம் பிரிந்திருந்த மகன் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து இறங்குகிறான். தாய் அவனை ஹீத்ரோ விமான நிலையத்தில் காண்கிறாள். அவ்வளவுதான்.

அந்த அவ்வளவுதான் வரமாட்டேன் என்றது. தாயாக நடித்த தவமலர் தபால் கந்தோரில் வேலை செய்பவர், நடிப்புக்குப் புதிது. ஏழு தரம் அழுதார், பாவம். ஏழு தரமும் பொய்யாக இருந்தது. நாலு மணிக்குள் முடியாவிட்டால் மிச்சத்தை வேறு இயக்குநரை வைத்து எடுப்போம் என்று தயாரிப்பாளர் ஹெலன் சிரித்தபடியே சொல்லிவிட்டுப் போனாள். கிருபா அக்காவுக்குப் போன் எடுத்தான். அக்கா வந்தார்.

“அக்கா, இவவை எப்பிடி அழ வைக்கிறது?”

அக்கா தவமலரைப் பார்க்கவே இல்லை. மகனாக நடித்தவனை ஒரு சுற்றுச் சுற்றி வந்தார். அவன் போட்டிருந்த கம்பளிக் கோட்டைத் தடவினார்.

“நல்ல சாமான். யாழ்ப்பாணத்தில எந்தக் கடையில வாங்கினவனாம்?”

கிருபாவுக்கு முகம் சுண்டிவிட்டது. “கதை ஜனவரியில நடக்குது. உடுப்புப் பகுதி ஆக்கள் குடுத்தவை. நான் யோசிக்கேல்லை அக்கா.”

“நீ வந்து இறங்கினது எந்த மாசம்?”

“அதுவும் ஜனவரிதான். மாமா கூட்டிக்கொண்டு போக வந்தவர்.”

“கட்டிப்பிடிச்சு அழுதவரோ?”

“சீ, அவரோ! முதல் இதைப் போடு எண்டு ஒரு கோட்டை நீட்டினவர். எனக்கு அது பெரிசு. கையை மடிச்சு விட்டவர்…” கிருபா தன் மணிக்கட்டைத் தொட்டுப் பார்த்தான். “அடுத்த மாசம் திருப்பி வாங்கிக்கொண்டு போயிட்டார். இன்னொரு ஆள் வருகுதாம். எனக்குச் சரியான கோவம்.”

அக்கா தன் கோட்டைக் கழற்றித் தவமலரின் கையில் கொடுத்தார்.

“தங்கச்சி, நீங்கள் அழ வேண்டாம். பிள்ளைக்குக் குளிரும். அதை மட்டும் பாருங்கோ.”

எட்டாம் தரம். மகன் மெல்லிய சட்டையோடு வந்தான். தவமலர் கோட்டை விரித்துப் பிடித்தார். ஒரு கை, மற்றக் கை. பொத்தானைப் பூட்டினார். கோட்டின் தொங்கிய கையை மடித்து விட்டார். மற்றக் கையையும் மடித்து விட்டார். அப்போதுதான் நிமிர்ந்து மகனின் முகத்தைப் பார்த்தார்.

கட் சொல்ல வேண்டிய கிருபா சொல்லவில்லை. அழுதுகொண்டிருந்தான். ஹெலன்தான் வந்து அவன் தோளைத் தொட்டாள். மிச்சத்தையும் நீயே எடு என்றாள்.

வெளியே வாசலில் அக்கா மெல்லிய சட்டையோடு நின்றார். கிருபா கோட்டை எடுத்துக்கொண்டு போனான்.

“உங்கடை படம் எல்லாம் பாத்தனான் அக்கா. எப்பவும் வெள்ளைக்காரற்றை கதைதானே எடுக்கிறீங்கள் எண்டு எனக்குள்ள ஒரு குறை இருந்தது.”

“ம்.”

“ஆஸ்பத்திரி நாடகத்தில, பெண்சாதி செத்த கிழவனுக்கு நேர்ஸ் தன்ரை ஸ்வெட்டரைப் போட்டு விடுறா. மற்றதில பிடிபட்ட கள்ளனுக்குப் பொலிஸ்காரன் ஜக்கெட் போட்டு விடுறான். எல்லாத்திலையும் இருக்கு. எனக்குத்தான் தெரியேல்லை.” கோட்டைப் பார்த்தான். “இது உங்கடை அப்பா ஆக்களைக் கூட்ட ஹீத்ரோவுக்குக் கொண்டு போன கோட்டோ?”

“எங்கடை வீட்டுக்கு வந்த பதின்மூண்டு பேர் போட்டது.”

அவன் கோட்டை விரித்துப் பிடித்தான். “போடுங்கோ அக்கா, குளிரும்.”

அக்கா கை நீட்டவில்லை.

“நீ வைச்சிரு தம்பி. உனக்குப் பின்னால ஆராவது வந்து இறங்குவினம்.”