காதுப்பூதத்துக்கு நூறு

போனை இப்படிக் கொடு. சார்ஜ் ஏறட்டும், உன் கண்ணும் தூங்கட்டும். அந்தக் கேம்ல வர்ற பூதம் என்ன பண்ணும்னு எனக்குத் தெரியாதுன்னு நெனச்சியா? சித்தி வேற பூதத்தையே பாத்தவ. தலையணையை நேரா வச்சுப் படு. நடுநடுவுல "ம்" சொல்லணும். சொல்லலேன்னா கதை நின்னுடும், ஆமா.

ஒரு ஊர்ல ஒரு பொம்பள இருந்தா. பேரு மாடத்தி. அந்த ஊர்ல எல்லாமே சதுரம். சூரியன் சதுரம், பூசணிக்காய் சதுரம், மாடு கூட சதுரம். மண்ணை வெட்டுனா கட்டி கட்டியா வரும், அதை அடுக்குனா வீடு. ஒரு பொழுதுக்குள்ள மச்சு வீடே கட்டிடலாம். அப்புறம் அந்த ஊர்ல இன்னொரு விசேஷம். மனுஷங்க செத்தா சாவு இல்ல. பொசுக்குன்னு அவங்கவங்க கட்டில்லயே முழிச்சுப்பாங்க. கையில இருந்த சாமான்தான் போகும். ஆனா ஆடு மாடு போச்சுன்னா போனது போனதுதான். திரும்பி வராது.

ம் சொல்லு. ம்.

மாடத்திகிட்ட ஒரு ஆட்டுக்குட்டி இருந்துச்சு. செவலைன்னு பேரு. தாய் இல்லாத குட்டி. கிண்ணத்துல பால் ஊத்தி இவளே வளத்தா. தொலைஞ்சுடக்கூடாதுன்னு கழுத்துல மணி கட்டியிருந்தா. போற இடமெல்லாம் ணங் ணங், ணங் ணங்.

மாடத்திக்கு ஒரு பழக்கம். யாரு தும்முனாலும் "நூறு"ன்னு சொல்லிடுவா. நூறு வருஷம் நல்லா இருன்னு வாழ்த்து. நம்ம வீட்லயும் சொல்றோம்ல, ஆனா இவ கோழி தும்முனாக்கூட விடமாட்டா. பக்கத்து வீட்டுச் சுடலையோட வேலிச் சண்டை நடக்கும். "உன் வேலி என் வாசல்ல நிக்குது"ன்னு இவ கத்துவா. நடுவுல சுடலை ஹச்சுன்னு தும்முவான். உடனே "நூறு"ம்பா. சொல்லிட்டு, விட்ட எடத்துலேருந்து திட்டுவா. ஆத்தா கிட்ட பால் குடிக்கும்போதே கத்துக்கிட்டது, போகுமா?

ஒருநாள் காலைல செவலையைக் காணோம். மணிச் சத்தமும் இல்ல. தேடித் தேடிப் பாத்தா, ஊருக்கு வெளிய இருக்கிற பெரிய பள்ளத்து வாசல்ல சின்னச் சின்னக் குளம்படி. உள்ள போயிருக்கு, வெளிய வரலை. மாடத்தி வாசல்லயே நின்னுட்டா. ஏன்னா அந்தப் பள்ளத்துக்கு அடியிலதான் காதுப்பூதம் இருக்கு.

பயமா இருந்தா என் கையைப் பிடிச்சுக்கோ. ம்.

அப்போ சுடலை வந்தான். அவன் மூணு தடவை அந்தப் பள்ளத்துக்குள்ள போய், மூணு தடவையும் கட்டில்ல முழிச்சவன். மூணு கடப்பாரை போச்சு.

"அக்கா, அதுக்குக் கண்ணே கிடையாது. காதுதான். ஒவ்வொண்ணும் மொறம் அகலம்"னான். "முதச் சத்தத்துக்குக் காதைத் தூக்கும். ரெண்டாவதுக்கு எந்திரிச்சு நிக்கும். மூணாவதுக்கு வந்துடும்."

"வந்தா?"

"வந்தா என்ன, ஒரே அடி. கட்டில்தான். ஆனா பால் பொங்குற நேரம் மூச்சுக் காட்டாம நின்னா, மறந்துட்டுப் படுத்துடும். அதோட கால் மேல ஏறி நின்னாலும் தெரியாது."

"என் குட்டிக்குக் கட்டில் இல்லையே சுடலை"ன்னா மாடத்தி. சொல்லும்போதே அழுதுட்டா. அவன் வீட்டுக்கு ஓடினான். தன் வேலியிலேருந்து ஒரு கட்டு அகத்திக்கீரை ஒடிச்சுக் கொடுத்தான். அதே வேலிதான்.

அப்புறம் மாடத்தி வளையலைக் கழட்டினா. கொலுசைக் கழட்டினா. பழைய சேலையைக் கிழிச்சு ரெண்டு காலுக்கும் சுத்திக்கிட்டா. பள்ளத்துல இறங்கினா. மெத்து மெத்து, மெத்து மெத்து. வெளிய உச்சி வெயில், உள்ள கும்மிருட்டு. போகப் போகக் கல்லு சில்லுன்னு ஆகுது. ரொம்பக் கீழ போனதும் பாத்தா, எங்கயோ மஞ்சளா ஒரு வெளிச்சம். வெளிச்சத்துல ஒரு மலை படுத்திருக்கு. மலை மூச்சு விடுது. புஸ்ஸ்ஸ்... புஸ்ஸ்ஸ்... அதோட முழங்கை மறைவுல செவலை. கொம்பு முளைக்காத தலையைக் கல்லுல சாச்சிக்கிட்டு, அசையாம படுத்திருக்கு.

மாடத்தி இன்னும் ஒரு எட்டு வச்சா. டிங்.

என்ன சத்தம்னு கேளு. கால் மெட்டி. கொலுசைக் கழட்டத் தெரிஞ்சவளுக்கு மெட்டியைக் கழட்டணும்னு தோணலை. கல்யாணத்தப்ப போட்டது, கால் விரலோட விரலா ஆயிடுச்சு. சுத்தின துணி கல்லுல கிழிஞ்சு எட்டிப் பாத்துருக்கு.

பூதம் காதைத் தூக்கிருச்சு. சரக், சரக். மாடத்தி நின்னா. அசையாம நின்னா. காது மெள்ளத் தொங்க ஆரம்பிச்சுச்சு, ஆனா அது இன்னும் முழுசா மறக்கலை.

ம்?

அப்போ செவலை இவளைப் பாத்துடுச்சு. அம்மாவைப் பாத்தா பிள்ளை சும்மா இருக்குமா? ம்மேஏஏ. பூதம் எந்திரிச்சு நின்னுடுச்சு. கூரை முட்டுது. கட்டி கட்டியா மண்ணு உதிருது, பொத்து பொத்து. மாடத்தி ஒரே தாவுல போய்க் குட்டி வாய்ல அகத்திக்கீரையைத் திணிச்சா. மணி நாக்கைக் கையால பொத்திக்கிட்டா. குட்டியை நெஞ்சோட அணைச்சா. பூதத்தோட கட்டைவிரல் இவ பக்கத்துல ஆட்டுக்கல்லு மாதிரி இருக்கு. நின்னா, நின்னா, நின்னுக்கிட்டே இருந்தா. பூதம் தலையை இப்படித் திருப்புது, அப்படித் திருப்புது. சரி, ஒண்ணுமில்ல போலன்னு குனியப் போகுது.

ஆனா மேல இருந்து உதிர்ந்த தூசி இருக்கே, அது செவலை மூக்குல ஏறிடுச்சு. ஹச்.

மாடத்தி சொன்னா, "நூறு."

சொன்னதுக்கப்புறம்தான் சொன்னோம்னே அவளுக்குத் தெரியுது. நாக்கைக் கடிச்சுக்கிட்டா. கடிச்சு என்ன பிரயோஜனம், வாய்விட்டு வந்தாச்சு. பூதம் திரும்பிடுச்சு. திடும், திடும், திடும். கையை ஓங்கிடுச்சு. மாடத்தி குட்டி மேல கவுந்து படுத்துட்டா. என்னை அடிச்சாலும் பரவால்ல, கட்டில்ல முழிச்சுப்பேன், இது மேல படக்கூடாது சாமின்னு நெனச்சா. அவ்ளோதான் அவளால முடிஞ்சது.

ஆனா திடும் திடும்னு ஓடி வந்ததுல எழும்புன புழுதி, பூதத்தோட மூக்குக்குள்ளயே போயிடுச்சு. ஓங்குன கை அந்தரத்துல நிக்குது. ஹா... ஹாஆ... ஹாஆஆச்ச்ச்.

மாடத்திக்குக் கண்ணு மூடியிருக்கு. ஆனா அந்தப் பாழாப்போன வாய் சொல்லுது, "நூறு."

கை இறங்கலை.

பூதத்துக்குத் தெரிஞ்சது ஒண்ணே ஒண்ணுதான். சத்தம் கேட்டா போய் அடி. கடப்பாரைச் சத்தம், ஓடுற சத்தம், ஐயோன்னு கத்துற சத்தம், எல்லாமே இதை ஏய்க்கிற சத்தம், இல்ல பயந்த சத்தம். தனக்குன்னு ஒரு சத்தத்தை அது இதுவரைக்கும் கேட்டதே இல்ல. அதை என்ன பண்றதுன்னு அதுக்குத் தெரியலை. காது ரெண்டையும் இவ பக்கம் விரிச்சு நிக்குது. அதுக்குள்ள இன்னொரு தும்மல். ஹாஆஆச்ச்ச்.

"இருநூறு"ன்னா மாடத்தி. இந்தத் தடவை தெரிஞ்சே சொன்னா. கண்ணைத் திறந்து, அது மூஞ்சியைப் பாத்துச் சொன்னா.

பூதம் காத்திருந்துச்சு. மூணாவது தும்மல் வரலை. மூக்கைத் தூக்கிப் பாத்துச்சு, வரலை. அப்புறம் அது என்ன பண்ணுச்சு தெரியுமா? தானா ஒண்ணு விட்டுச்சு. சின்னதா, "ஹச்சு." பொய்த் தும்மல். நீ பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட இருமுவியே, அச்சு அசல் அது மாதிரி.

மாடத்திக்குச் சிரிப்பு வந்துடுச்சு. அழுகையும் வந்துடுச்சு. இத்தனை காலமா இந்த இருட்டுல தும்மிக்கிட்டுக் கிடந்திருக்கு, சொல்ல ஒரு நாதி இல்லையேன்னு மனசு அடிச்சுக்கிச்சு. "முந்நூறு, ராசா"ன்னா.

பூதம் கையைக் கீழ போட்டுச்சு. மண்ணைத் தோண்டி உக்காந்துச்சு, படுத்துச்சு, காதை மடிச்சுக்கிச்சு. மாடத்தி குட்டியைத் தோள்ல போட்டுக்கிட்டு ஏறுனா. மணி நாக்கைப் பொத்தக் கை இல்ல. ணங் ணங், ணங் ணங்னு வாசல் வரைக்கும் சத்தம். அது ஒத்தக் காதை மட்டும் லேசாத் திருப்புச்சு. எந்திரிக்கலை.

தூங்கிட்டியா? ...ம். சரி, கொஞ்சம்தான் பாக்கி.

மாடத்தி நடந்ததைச் சொல்லக் கேட்டுட்டு, மறுநாள் சுடலை போனான். பள்ளத்துக்குள்ள நின்னுக்கிட்டு "நூறு, நூறு, நூறு"ன்னு கத்துனான். கட்டில்ல முழிச்சான். நாலாவது கடப்பாரையும் போச்சு. மாடத்திகிட்ட வந்து மல்லுக்கு நின்னான். "ஏன்டா, அது தும்முச்சா?"ன்னு கேட்டா. "இல்ல"ன்னான். "தும்மாதவனுக்கு நூறு சொன்னா அது வாழ்த்தாடா? வெறும் கூப்பாடு. அடிக்காம என்ன பண்ணும்?"

அதுலேருந்து அந்த ஊர்ல, உச்சி வெயில்ல சோறு வடிச்சுக்கிட்டு இருக்கும்போது, அடிமண்ணு தும்முன்னு ஒரு ஆட்டம் ஆடும். அடுக்குச் சட்டி கிடுகிடுங்கும். யாரும் பயப்படறதில்ல. கரண்டியைக் கீழ வைக்காமலே தெருவே சொல்லும், "நூறு." செவலை மட்டும் தலையைத் தூக்கி ம்மேங்கும். கீழ அது சிரிக்குமோ என்னமோ, சட்டி இன்னொரு தடவை கிடுகிடுங்கும்.

ஐய, இந்தப் போர்வையைத் துவைச்சு எத்தனை நாளாச்சு? ஒரே பஞ்சு. ஹ... ஹச்சு.

...

என்ன சொன்ன? நீ முழிச்சிருக்கியா? கண்ணு மூடித்தான் இருக்கு. வாய்தான் சொல்லியிருக்கு.

சரிடி தங்கம். நீ சொல்லிட்டேல்ல, இனி சித்தி நூறு வருஷம் இருந்தாகணும்.

பூதம் குழிக்குள்ள போயாச்சு, குட்டி கொட்டாய்க்குள்ள போயாச்சு, கதை போர்வைக்குள்ள வந்தாச்சு. தூங்கு.