பிடிக்கக் கொடுத்த சுமை

முன்னொரு காலத்தில் மருதவர்மன் என்ற ராஜாவுக்குக் கழுத்து பிடித்துக்கொண்டது. யாராவது கூப்பிட்டால் உடம்போடு சேர்ந்துதான் திரும்புவார். படுக்கும்போதுகூடக் கிரீடத்தைக் கழற்றமாட்டார். கழற்றினால் நாடு போய்விடும் என்று மந்திரி நீலகண்டர் சொல்லி வைத்திருந்தார்.

அண்ணன் சாகும்போது, "என் மகன் வளரும்வரை நீ பிடித்துக்கொள்" என்று கொடுத்த கிரீடம் அது. அந்த மகன் செம்பியனுக்கு மீசை முளைத்து, கல்யாணமும் ஆகிவிட்டது.

சபையில் விகடம் பேசுகிறவன் வேலாண்டி. முன்பு சந்தையில் மூட்டை தூக்கினவன். ராஜா அவனிடம் பிரியமாயிருப்பது நீலகண்டருக்குப் பொறுக்கவில்லை.

"மன்னா, தங்கள் வலியை வேலாண்டியே போக்கட்டும். ஆனால் கிரீடம் தலையைவிட்டு இறங்கக் கூடாது. அவன் கை அதில் பட்டால், கையை வெட்டிவிடலாம்."

வலியில் ராஜா யோசிக்கவில்லை. "அப்படியே ஆகட்டும்" என்றார்.

வேலாண்டி தோளில் கிடந்த துண்டை எடுத்தான். ஒரு காதோரம் கிரீடத்துக்கு அடியில் நுழைத்து, மறு காதோரம் வாங்கி, இரண்டு முனைகளையும் மேலே இழுத்துப் பிடித்தான். கிரீடம் தலையில்தான் இருந்தது. கனம் அவன் கைக்கு வந்துவிட்டது. ராஜாவின் கண்கள் தானாக மூடின.

"வெட்டுங்கள் கையை!" என்று கத்தினார் நீலகண்டர்.

"பட்டது துண்டு, சாமி. வெட்டணும்னா அதை வெட்டுங்க. பழசுதான்."

ராஜா கண் திறக்காமலே கேட்டார்: "எவ்வளவு நேரம் இப்படிப் பிடித்திருப்பாய்?"

"நீங்க திருப்பிக் கேக்கிற வரைக்கும், மகாராஜா."

"கொண்டு ஓடிவிடுவான்!" என்றார் நீலகண்டர்.

"சந்தையில ஒருத்தன் ஒண்ணுக்குப் போகணும்னா, 'கொஞ்சம் பிடிப்பா'ன்னு சுமையைப் பக்கத்துல நிக்கிறவன்கிட்ட கொடுத்துட்டுப் போவான். வந்ததும் கொடுத்துடணும். கேக்க வெக்கப்பட்டு நின்னாலும் கொடுத்துடணும். மூட்டைக்காரனுக்கே இது தெரியும் சாமி."

ராஜா சிரித்தார். சிரிக்கச் சிரிக்கக் கண்ணில் நீர் முட்டியது. தன் பட்டுச் சால்வையை எடுத்து வேலாண்டிக்குப் போர்த்தினார். அவன் கைகள் நடுங்குவதைப் பார்த்து, "போதும், விடு" என்றார்.

கனம் மறுபடி கழுத்தில் இறங்கியது.

"எனக்குத் தெரியாமல் இல்லை, வேலாண்டி. பழகிப்போய்விட்டது. இறக்கி வைத்தால் நான் யார் என்று எனக்கே தெரியாது."

"இறக்கி வைங்க, மகாராஜா. நான் பக்கத்துலயே இருக்கேன்."

"அறுவடை முடியட்டும்" என்றார் ராஜா.

அறுவடை முடிந்தது. செம்பியனுக்குக் கொடுக்க வேண்டிய நாட்டை ராஜா இன்னும் கொடுக்கவில்லை.