உள்ளங்கை உப்பு

ஒரு ஊர்ல ஒரு மாட்டுக்காரி இருந்தாளாம், பேரு சுடலைவடிவு. அவளுக்கு ஈடா இந்தத் தேரிச் சீமையிலயே ஒரு ஆம்பளை கிடையாது, ஆமா! ம் கொட்டுய்யா. கொட்டலைன்னா கதையும் கிடையாது.

தேரின்னா கண்ணுக்கு எட்டுன மட்டும் செக்கச்செவேல்னு மணலு. அதுக்கு அந்தப் பக்கம் ஆத்தங்கரையில, கோடை முழுக்க ஊர் மாடு நாப்பதையும் மேய்ச்சவ அவதான். அப்புறம் மழை விழுந்துட்டு, தேரியைத் தாண்டி மாட்டையெல்லாம் ஊருக்குப் பத்திட்டு வரணும். நாட்டாமை முன்னாலயே சொல்லியிருந்தாரு: "பொம்பளைக்கு எதுக்கு இந்தச் சோலி? ஒரு மாடு குறைஞ்சாலும் மேய்க்குற கம்பைக் கீழ வச்சிரணும்."

வடிவுகிட்ட ஒரு வழக்கம். பொழுது சாயுறப்போ ஒவ்வொரு மாடாப் பேர் சொல்லிக் கூப்பிட்டு, உள்ளங்கையில உப்பு வச்சு நக்கக் குடுப்பா.

மொத நாள் காத்து. விர்ர்ருன்னு வந்து பாதையையே மூடிட்டு. மந்தையில மூத்த பசு, கிழட்டு மயிலையை முன்னால விட்டா, அது மோந்து மோந்து வழி கண்டுட்டு. ரெண்டாம் நாள் தாகம். பள்ளத்துல மணலைத் தோண்டுனா, தோண்டுனா, நகமெல்லாம் ரத்தம். அப்புறம் குபுகுபுன்னு ஊத்து! ம்... முழிச்சிருக்கியா?

மூணாம் நாள் பொழுது சாயுற நேரம், டக்கு டக்குன்னு குதிரையில வந்தான் ஒரு களவாணி. அருவாளைக் காட்டி, "ஏட்டி, ஓரமாப் போ"ன்னு மயிலை கழுத்து மணியை அறுத்துட்டான். மணி போற பக்கம் மந்தை போகும்லா? டிங்கு டிங்குன்னு ஆட்டிக்கிட்டே குதிரையை விட்டான். பாவிப்பய பின்னால நாப்பதும் போயிட்டு!

வடிவு ஓடிப் பாத்தா, எட்டல. ஆனா அழல. மேட்டுல ஏறி நின்னு, உப்புப் பையை அவுத்து, "மயிலே... செவலே... சுட்டீ..."ன்னு கூப்பிட்டா. அப்போ மயிலை நின்னுச்சு. திரும்புச்சு. அப்புறம் தடதடதடன்னு நாப்பதும்! குதிரை மட்டும் சும்மா இருக்குமா? அந்தப் பய கையால ஒரு நாளும் உப்பு கண்டிருக்காது போல. அவனைத் தொபுக்கடீர்னு தள்ளிட்டு, அதுவும் வந்து கையை நக்குச்சு. அத்தனை கொம்பையும் பாத்துக் களவாணி எடுத்தான் ஓட்டம்!

ஊர் எல்லையில நாட்டாமை எண்ணுனாரு. "நாப்பதும் இருக்கு. குதிரை ஏது தாயி?"

"கையை நீட்டுனேன், வந்துட்டு."

நடந்து போனவ குதிரை மேல வந்தாய்யா! நாட்டாமை துண்டை இடுப்புல கட்டிக்கிட்டு, "இனிமே கம்பை நீயே வச்சுக்க"ன்னாரு.

"நான் எப்போ குடுத்தேன்?"ன்னு கேட்டாளாம் வடிவு.

அம்புட்டுதான். மாடு தொழுவுக்கு வந்துட்டு, கதையும் வீடு வந்துட்டு. நீ கண்ணை மூடு சாமி.